அந்திமணி

மூன்று ஆண்டுகளாக நான் எழுதிக்கொண்டிருக்கும் மாயக்கதையில் ஒரு கல் வருகிறது. பகலில் இலைப் பச்சையாகவும் விளக்கொளியில் மாதுளைச் சிவப்பாகவும் தெரியும் அதற்கு அந்திமணி என்று பெயர் வைத்தேன். கதை நடக்கும் மணலடி நாட்டில் ஆறு கண்ணுக்குத் தெரியாமல் மணலுக்கு அடியிலேயே ஓடுகிறது. அந்திமணியை ஏந்தி நின்றால் நின்ற இடத்தில் ஊற்றுக்கண் திறக்கும். பாலாற்றங்கரையில் பிறந்தவனுக்கு வேறு மாயம் எதுவும் தோன்றவில்லை.

எட்டாம் வகுப்பு படிக்கும் அண்ணன் மகள்தான் என் முதல் வாசகி. பத்து அத்தியாயங்களைப் படித்துவிட்டு, "கல்லைத் தூக்கினா தண்ணி வந்துடும்னா, அப்புறம் எதுக்கு சித்தப்பா சண்டை போடறாங்க? அதுக்கு இன்னா செலவு?" என்று கேட்டாள். என்னிடம் பதில் இல்லை. கல்லை ஏந்துபவனுக்கு ஒவ்வொரு முறையும் ஒரு வயது கூடும் என்று அவசரமாக ஒன்றை எழுதினேன்; மறுநாள் படித்தபோது எனக்கே பொய்யாகத் தோன்றியதால் கிழித்துப் போட்டேன்.

முதலில் கல்லையாவது ஒழுங்காகத் தெரிந்துகொள்வோம் என்று, வேலூர் லாங்கு பஜாரில் பட்டறை வைத்திருக்கும், எங்கள் குடும்பத்துக்குப் பழக்கமான ஆசாரியிடம் போனேன். நிறம் மாறும் கல் உண்மையிலேயே இருக்கிறது. 1830களில் இரஷ்யாவின் யூரல் மலைப் பகுதியில் கிடைத்து, பின்னாளில் பேரரசரான இளவரசர் அலெக்சாண்டரின் பெயரால் அலெக்ஸாண்ட்ரைட் என்று அழைக்கப்படுவது அது. மண்ணில் விளைந்ததை வாங்குவது நம்மால் ஆகாது. ஆசாரியிடம் பழுது பார்க்க வந்திருந்த ஒரு மோதிரத்தில், ஆய்வகத்தில் வளர்த்த, அரிசி மணி அளவுக் கல் ஒன்று இருந்தது. வாசலில் வைத்துக் காட்டியபோது பச்சை. உள்ளே கொண்டுபோனால் கடை முழுவதும் வெள்ளை எல்.இ.டி. விளக்கு என்பதால் பச்சை பச்சையாகவே இருந்தது. பிறகு அவர் பரணிலிருந்து பழைய குண்டு பல்பு ஒன்றைத் தேடி எடுத்து, தூசி துடைத்து மாட்டினார். அந்த மஞ்சள் வெளிச்சம் பட்டதும் கல்லின் நடுவில் சிவப்பு எழுந்து ஓரம்வரை பரவியது. "கல்லு மாறல கண்ணு, வெளிச்சந்தான் மாறுது" என்றார்.

அவர் சொன்னது அறிவியலும்கூட. இந்தக் கல் மஞ்சள் ஒளியை விழுங்கிவிட்டுப் பச்சையையும் சிவப்பையும் மட்டும் வெளியே விடுகிறது. பகல் வெளிச்சத்தில் பச்சை மேலோங்கும், குண்டு பல்பில் சிவப்பு மேலோங்கும். இவ்வளவையும் செய்வது கல்லுக்குள் கலந்திருக்கும் சிறிதளவு குரோமியம். தூய நிலையில் நிறமே இல்லாத அலுமினிய ஆக்சைடைச் சிவந்த மாணிக்கமாக்குவதும், பெரில் என்னும் கனிமத்தை மரகதமாக்குவதும் அதே குரோமியம்தான். கல்லுக்குக் கல் அதைச் சுற்றியுள்ள அணுக்களின் நெருக்கம் மாறுவதால் ஒன்றில் சிவப்பும் இன்னொன்றில் பச்சையும் வருகிறது. அலெக்ஸாண்ட்ரைட் அரிதானதற்கும் காரணம் இருக்கிறது. அதற்கு வேண்டிய பெரிலியம், கருங்கல் குழம்பு குளிர்ந்து இறுகும் கடைசிக் கட்டத்தில் மிஞ்சி நிற்பது. குரோமியமோ பூமியின் ஆழத்திலிருந்து வரும் வேறு வகைப் பாறைகளுக்கு உரியது. சேராத இந்த இரண்டும் எங்கோ ஓரிடத்தில் சேர்ந்தால்தான் கல் பிறக்கும். (ஆற்காடு போகும் பேருந்தில் ரத்தினகிரியைக் கடக்கும்போதெல்லாம் பெயரில் மட்டும் இரத்தினம் வைத்திருக்கும் அந்தக் குன்றைப் பார்த்து இப்போது சிரித்துக்கொள்கிறேன்.)

குரோமியம் என்ற சொல்லை எங்கள் வீட்டில் யாரும் புத்தகத்தில் படித்து அறியவில்லை. அப்பா முப்பது ஆண்டு ஒரு டேனரியில், அதாவது தோல் பதனிடும் ஆலையில், வேலை செய்தவர். ஆவாரம் பட்டையிலும் கடுக்காயிலும் வாரக்கணக்கில் ஊறிப் பதமான தோல், குரோம் உப்பு வந்தபின் சுழலும் டிரம்முக்குள் ஓரிரு நாளில் பதமாகிவிடுகிறது. அப்படி வெளியே வரும் ஈரத் தோலுக்கு வெட் ப்ளூ என்று பெயர். சிறுவயதில் அதன் ஓரத்து நறுக்கு ஒன்றை அப்பா கொண்டுவந்து காட்டியிருக்கிறார்: தொட்டால் சில்லென்று, மழை விட்ட வானம்போல் வெளிறிய நீலம், அதன்மேல் இன்னும் மறையாத மயிர்க்கால் புள்ளிகள். அழகாகத்தான் இருந்தது. அந்த வருமானத்தில்தான் நான் படித்தேன்.

டேனரிக் கழிவுநீர் கலந்த ஆற்றின் கீழ்த்திசையில் இருந்த பாட்டி வீட்டுக் கிணற்றில் மட்டும் ஆண்டுக்கு ஆண்டு உப்பு ஏறியது. பாட்டி அந்தத் தண்ணீரில் துவரம்பருப்பை அடுப்பில் வைத்துவிட்டு, எவ்வளவு நேரம் கொதித்தாலும் விரைவிரையாகவே நிற்கிறதே என்று கரண்டியால் நசுக்கிப் பார்த்துக்கொண்டிருப்பார். சமையலுக்கு மட்டும் அரை மைல் நடந்து வேறு தண்ணீர் கொண்டுவர வேண்டியிருந்தது.

அண்ணன் மகள் கேட்ட செலவு இதுதான் என்று அப்போது புரிந்தது. மாயக்கதைகளில் மந்திரத்தின் விலையை மந்திரக்காரனே கொடுப்பது வழக்கம்; நானும் அந்த வழக்கத்தில்தான் வயது கூடும் கதையை எழுதினேன். நம் பாட்டிமார் சொன்ன நாகமணிக் கதை அதைவிட நேர்மையானது. இரை தேடப் பாம்பு கக்கி வைத்த மணியைச் சாணம் போட்டு மூடி எடுத்துப் போனவன் செல்வனாகிறான். தலையை மோதிக்கொண்டு சாவது பாம்பு.

ஆகவே விதியை மாற்றினேன். அந்திமணி மேலூரில் திறக்கும் ஒவ்வொரு ஊற்றுக்கும் கீழூரில் ஒரு கிணறு கரிக்கும். ஏந்துபவனுக்கு ஒன்றும் ஆகாது. அவன் பகலில் பச்சையை மட்டும் பார்க்கிறான், சிவப்பைப் பார்க்க இரவில் விளக்கேற்றிக்கொண்டு கீழூருக்குப் போக வேண்டும். இது நடந்த பிறகு கதையில் சண்டைக்குப் பஞ்சமில்லை.

நிஜத்தில் இதற்கு ஒரு தீர்ப்பு உண்டு. டேனரிக் கழிவுநீரால் பாலாறு கெடுவதை எதிர்த்து வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் 1996 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம், கேடு செய்தவரே ஈடு செய்ய வேண்டும், கெட்ட நிலத்தையும் நீரையும் சீராக்கும் செலவும் அவரையே சேரும் என்ற கொள்கை இந்தியச் சட்டத்தின் பகுதிதான் என்று கூறியது. மணலடி நாட்டில் அப்படி ஒரு சட்டம் இன்னும் இல்லை. கீழூர்ப் பெண்கள் வேகாத பருப்போடு ஒரு பானையைச் சுமந்து அம்பலத்துக்கு வந்திருக்கிறார்கள். பெரியவர்களில் ஒருவர் ஒரு பருப்பை எடுத்து நசுக்கிப் பார்த்துவிட்டார். இன்னும் வாய் திறக்கவில்லை. அத்தியாயம் அந்த வரியோடு என் மேசையில் நிற்கிறது.