கன்னல்நாட்டு நாழிகை வட்டில்: ஒரு டபராவை 24 நிமிடத்துக்குப் பழக்கியது

பகடை உருட்டி மேசைமேல் ஆடும் கதை விளையாட்டு ஒன்றுக்காகக் கன்னல்நாடு என்றொரு கற்பனை நாட்டைக் கட்டினோம். அந்த நாட்டில் சூரியனை நம்பிப் பொழுது சொல்ல முடியாது. அங்கே நேரத்தைச் சொல்வது ஒரு மந்திர வட்டில். அது மிதக்கும்வரை போட்ட மந்திரம் நிற்கும், மூழ்கினால் கலையும். பேர் மட்டும் இரவல்: அடியில் துளையிட்டு நேரம் அளக்கும் நீர்க்கருவிக்குச் சங்கத் தமிழில் குறுநீர்க் கன்னல் என்று பேர். போனில் டைமர் வைத்து ஆடினால் மந்திரம் செத்துப்போகும் என்பதால் வட்டிலையும் நிஜமாகவே செய்தோம்.

பழைய கணக்கு எளிது. அடியில் துளையிட்டுத் தண்ணீரில் மிதக்கவிட்ட செப்பு வட்டில் ஒரு பகலிரவில் 60 தடவை மூழ்கணும். ஒரு மூழ்கல் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். அதில் அறுபதில் ஒரு பங்கு விநாழிகை, 24 வினாடி. இரண்டரை நாழிகை ஒரு மணி, ஏழரை நாழிகை ஒரு சாமம்.

வட்டில் என்றதும் அரைக்கோளக் கிண்ணம்தான் எல்லாருக்கும் நினைவுக்கு வரும். நாங்கள் காபி டபராவைத்தான் சொல்வோம். செங்குத்துச் சுவர், தட்டையான அடி, வாய் 10 சென்டிமீட்டர், உயரம் 6, எடை 150 கிராம். திருநெல்வேலி டவுன் ரத வீதி ஏனக்கடைகளில் (பாத்திரக்கடைகளில்) தேடினால் இந்த அளவுக்குப் பக்கத்தில் கிடைக்கும். செங்குத்துச் சுவரில் ஒரு வசதி உண்டு. வெளித்தண்ணீர் மட்டத்துக்கும் உள்தண்ணீர் மட்டத்துக்கும் உள்ள வித்தியாசத்தை டபராவின் எடையே தீர்மானிக்கிறது. இந்த அளவுக்கு அது 2 சென்டிமீட்டருக்குக் கொஞ்சம் குறைவு. முதலிலிருந்து கடைசிவரை அது மாறாது என்பதால் தண்ணீர் ஒரே வேகத்தில் ஏறும். உள்சுவரில் 7 மில்லிமீட்டருக்கு ஒரு கோடு கீறினால் ஒவ்வொரு கோடும் 10 விநாழிகை. அரைக்கோளத்தில் இப்படிச் சமமாகக் கோடு போட முடியாது.

எல்லாருக்கும் சறுக்குகிற இடம் துளைதான். உள்ளே ஏற வேண்டிய தண்ணீர் ஏறக்குறைய 320 மில்லி, அதற்கு உள்ள நேரம் 1440 வினாடி. நாலரை வினாடிக்கு ஒரு மில்லிதான் நுழையணும். கணக்குப்படி துளை 0.9 மில்லிமீட்டர் வரும். ஆனால் நேராக 0.9 ஊசி போட்டுத் துளைக்கக் கூடாது. 0.8-இல் தொடங்குங்கள், 29 நிமிடத்தை ஒட்டி வரும். பிறகு தையல் ஊசியை உள்ளே விட்டு உருட்டி உருட்டிப் பெரிதாக்கி, ஒவ்வொரு தடவையும் மிதக்கவிட்டுப் பார்க்கணும். 0.1 மில்லிமீட்டர் மாறினாலே ஐந்தாறு நிமிடம் போய்விடும். ஒரு நாள் முழுக்க இதற்கே போகும், அவசரப்பட்டால் டபரா போகும். துளை பெரிதாகிவிட்டால், இரும்புக் கட்டைமேல் வைத்துத் துளையைச் சுற்றிச் சின்னச் சுத்தியலால் பைய தட்டினால் உலோகம் கூடி வரும். அதற்கும் அடங்காவிட்டால் பற்றவைத்து அடைத்துவிட்டு மறுபடி துளைக்க வேண்டியதுதான். துளைத்ததும் உள்பக்கம் நிற்கும் பிசிறை உப்புத்தாளால் எடுக்க மறக்கக் கூடாது. அதை விட்டால் ஒரு மூழ்கலுக்கும் அடுத்த மூழ்கலுக்கும் ஒப்பே இருக்காது.

அடுத்து நம்ப முடியாத ஒன்று. துளை சரி, எடை சரி, மிதக்கவிட்டால் ஒரு சொட்டுகூட உள்ளே வராது! எண்ணெய்ப் பிசுக்குதான் காரணம். இவ்வளவு சின்னத் துளையில் தண்ணீர் முத்துப்போல முட்டிக்கொண்டு நின்றுவிடும், 2 சென்டிமீட்டர் அழுத்தம் அதை உடைக்கப் பத்தாது. புளி போட்டுத் தேய்த்து, உள்ளே ஒரு கரண்டித் தண்ணீர் ஊற்றி அடியை நனைத்துவிட்டு மிதக்கவிடுங்கள், ஓடத் தொடங்கும். விளையாட்டில் இதைத்தான் ‘வட்டிலுக்கு நீர் வார்த்தல்’ என்று சடங்காக்கினோம். அதைச் செய்யாத மந்திரவாதிக்கு வட்டில் ஓடாது.

சாய்வு இன்னொரு தொல்லை. உள்ளே கொஞ்சம் தண்ணீர் ஏறினதும் டபரா ஒருபக்கமாகச் சரியும். எடை மேலே இருப்பதால் வருவது இது. அடி விளிம்பைச் சுற்றிச் செம்புக் கம்பி வளையம் ஒன்றைப் பற்றவைத்தால் நேராக நிற்கும். ஆனால் எடை கூடினால் வேகமும் கூடும். ஆகவே வளையம் முதலில், துளை பிறகு. வாய் விளிம்பு கோணலா என்று கண்ணாடிமேல் கவிழ்த்துப் பார்த்துக்கொள்ளணும், கோணலாக இருந்தால் கடைசி நிமிடத்தில் தாழ்ந்த பக்கமாகத் தண்ணீர் புகுந்துவிடும். ஆடி மாதம் ஜன்னலைத் திறந்து வைத்து ஓட்டினாலும் அதே கதி. அந்தக் காற்றில் எழும் சிற்றலை போதும்.

வட்டிலை மிதக்கவிடும் வெளிப்பாத்திரம் 30 சென்டிமீட்டர் வாய், 12 சென்டிமீட்டர் ஆழமாவது இருக்கட்டும். குறுகலாக இருந்தால் வட்டில் ஓரத்தில் ஒட்டிக்கொள்ளும். பித்தளையாக இருந்தால் மூழ்கி அடியில் முட்டும்போது நல்ல சத்தம் வரும், மேசையில் எல்லாரும் திரும்பிப் பார்ப்பார்கள்.

தண்ணீர் ஆற்றுத் தண்ணீர்க் குழாயிலிருந்து பிடித்து, வேட்டித் துணியில் வடிகட்டியதாக இருக்கணும். கன்னல்நாட்டு மந்திரத்தின் பாதி விதிகள் இந்தத் தண்ணீர் விஷயத்திலிருந்துதான் வந்தன. கோடை மத்தியானம் மாடித்தொட்டியிலிருந்து வரும் சுடுதண்ணீர் இளகலானது, வட்டில் முந்தும். குளிர்ந்த தண்ணீரில் பிந்தும். ஆகவே எங்கள் மலைநாட்டில் நாழிகை நீளம், மந்திரம் கூடுதல் நேரம் நிற்கும். கடல் தண்ணீரில் வட்டில் கொஞ்சம் உயர மிதந்து ஒரு மூழ்கலுக்கு அரை நிமிடத்துக்கு மேல் பிந்தும். 60 மூழ்கலில் அது அரை மணியைத் தாண்டும். கடற்கரை அரசும் ஆற்றங்கரை அரசும் ஒரே நாளில் கையெழுத்திட்ட ஒப்பந்தத்துக்கு இரண்டு வேறு முடிவு நேரம் வரும், சண்டைக்கு வேறு காரணம் தேட வேண்டாம். மூழ்கின வட்டிலை எடுத்து, கொட்டி, மறுபடி மிதக்கவிட 5 வினாடி ஆகும். ஒரு நாளைக்கு 5 நிமிடம். அந்த 5 நிமிடம் யார் கணக்கிலும் வராது. கன்னல்நாட்டில் திருடர்கள் வேலை செய்வது அந்த இடைவெளியில்தான்.

நேரத்தைத் திருப்பி ஓட்டும் வட்டில் வேண்டும் என்று ஆடுபவர்கள் கேட்பார்கள். மூழ்கினது தானாக எழும்பும்படி செய்ய எங்களுக்கு வழி அகப்படவில்லை, அதனால் அந்த மந்திரத்தையும் விதியிலிருந்து எடுத்துவிட்டோம்.

நாழிகையைச் சூரியனோடு ஒப்பிட்டுப் பார்ப்பதாக இருந்தால் ஒரு எச்சரிக்கை. நம் கைக்கடிகாரம் 82.5 பாகை கிழக்குத் தீர்க்கரேகையின் நேரம் காட்டுகிறது, திருநெல்வேலி இருப்பதோ 77.7-ஐ ஒட்டி. அதனால் இங்கே உச்சிப்பொழுது சராசரியாக 12.19-க்கு. பிப்ரவரி நடுவில் 12.33 வரை தள்ளும், நவம்பர் தொடக்கத்தில் 12.03-க்கே வந்துவிடும். குச்சி நட்டு நிழல் பார்த்து வட்டிலைச் சோதிப்பவர்கள் சித்திரைப் பிறப்பை ஒட்டிய நாட்களைத் தவிர்க்கலாம். அப்போது உச்சியில் நிழலே விழாது.

ஆட்டம் முடிந்ததும் நல்ல தண்ணீரில் அலசி, துளையை வாயால் ஊதி, கவிழ்த்து வையுங்கள். போர் தண்ணீர் ஒரு சொட்டு துளையில் காய்ந்தால் போதும், உப்பு படிந்து அடுத்த வாரம் நாழிகை 26 நிமிடமாகிவிடும். எலுமிச்சைச் சாறு விட்டுக் கரைக்கணும். ஊசியால் குத்தக் கூடாது, குத்தினால் 22.