நவூருவை லேசாக எடை போடாதீர்கள்

ஒவ்வொரு ஒலிம்பிக் தொடக்க விழாவிலும் இது நடக்கிறது. ஏதாவது ஒரு குட்டித் தீவின் கொடி வரும், பின்னால் ஒருத்தரோ ரெண்டு பேரோ நிற்பார்கள், உடனே நம் ஆட்கள் மீம் போடக் கிளம்பிவிடுவார்கள். 2024 பாரிஸ் ஒலிம்பிக்கில் நவூருவுக்காகப் போனது ஒரே ஒருவர், 100 மீட்டர் ஓட்டக்காரர் வின்சார் காகியூயா. கொடி பிடித்ததும் அவர்தான். முதல்நிலைச் சுற்றோடு அவர் ஆட்டம் முடிந்தது. அந்தச் சுற்று இருப்பதே பெரும்பாலும் இவரைப் போன்றவர்களுக்காகத்தான்: ஒரு நாட்டில் யாருமே தகுதி நேரத்தை எட்டவில்லை என்றாலும் தடகளத்தில் ஓர் இடம் கொடுப்பார்கள், அப்படி வருகிறவர்கள் முதலில் தங்களுக்குள் ஓடி, அதில் தேறினால்தான் மற்றவர்களோடு ஓட முடியும்.

ஒலிம்பிக்கை மட்டும் பார்த்துவிட்டு நவூரு சும்மா தலையைக் காட்டிவிட்டுப் போகிற நாடு என்று முடிவு செய்பவர்களோடுதான் எனக்குச் சண்டை. காமன்வெல்த் போட்டியில் பளுதூக்கும் மேடைப் பக்கம் கொஞ்சம் போய்ப் பாருங்கள்.

2010 டெல்லி காமன்வெல்த் போட்டி ஞாபகம் இருக்கிறதா? மைதானம் கட்டியதில் ஊழல், இடிந்து விழுந்த நடைமேம்பாலம் என்று நாம் எல்லாரும் வேறு விஷயங்களில் மும்முரமாக இருந்தோம். அங்கே ஆண்கள் 77 கிலோ பிரிவில் தங்கம் வாங்கியது நவூருவின் யுகியோ பீட்டர். நம் ஊர் மண்ணில் நம் சுதீர் குமாருக்குக் கிடைத்தது வெண்கலம். 120 கோடிப் பேர் இருந்த நாடு மூன்றாவது இடம், பன்னிரண்டாயிரத்தைத் தாண்டாத நாடு முதல் இடம். அதே பீட்டர் 2006 மெல்போர்னிலும் தங்கம் வாங்கியவர், அதனால் இதை அதிர்ஷ்டம் என்றும் தள்ளிவிட முடியாது.

நாட்டைப் பற்றிச் சுருக்கமாக: 21 சதுர கிலோமீட்டர், பசிபிக்கில் நிலநடுக்கோட்டை ஒட்டி ஒற்றைத் தீவு. அதிகாரபூர்வமாகத் தலைநகர் என்று ஒன்று கிடையாது. 1968இல் சுதந்திரம். பாஸ்பேட் தோண்டி விற்று ஒரு காலத்தில் தலைக்குக் கணக்குப் போட்டால் உலகின் பெரும் பணக்கார நாடுகளில் ஒன்று, தோண்டித் தீர்ந்ததும் கையில் காசும் இல்லை, தீவின் நடுப்பகுதியில் உருப்படியான நிலமும் இல்லை. கரையோரமாகத்தான் மக்கள் வாழ்கிறார்கள். நீரிழிவு நோய் மிக அதிகமாக இருக்கும் நாடுகளின் பட்டியலிலும் இதன் பெயர் தவறாமல் வரும்.

இப்படி ஒரு இடத்தில் எந்த விளையாட்டை வளர்ப்பீர்கள்? 400 மீட்டர் ஓடுதளம் போடவே இடத்துக்கு யோசிக்க வேண்டும். குழு ஆட்டம் என்றால் சமமாக மோத இன்னொரு குழு பக்கத்தில் இருக்க வேண்டும், விமானம் ஏறாமல் அது கிடைக்காது. (ஆஸ்திரேலிய பாணி கால்பந்து அங்கே வெறித்தனமாக ஆடுகிறார்கள், ஆனால் அதற்குக் காமன்வெல்த்தில் பதக்கம் கிடையாது.) பளுதூக்குதலுக்கு ஒரு கொட்டகை, ஒரு கம்பி, தட்டுகள், விஷயம் தெரிந்த ஒரு பயிற்சியாளர் போதும். எதிராளி கூட வேண்டாம், உங்கள் எதிரி அந்த இரும்புதான். எடைப்பிரிவு இருப்பதால் குள்ளமானவர், ஒல்லியானவர் என்று யாரையும் ஒதுக்க வேண்டியதில்லை. பசிபிக் தீவுகளில் இந்த விளையாட்டு ஊன்றியதற்கு இந்தக் கணக்கு ஒரு காரணம், ஆஸ்திரேலியப் பயிற்சியாளர் பால் காஃபா இன்னொரு காரணம். தீவு தீவாகப் பிள்ளைகளைத் தேடிப் பிடித்து ஒரே இடத்தில் வைத்துப் பழக்கியவர் அவர்.

நவூருவில் இதைத் தொடங்கி வைத்தது மார்கஸ் ஸ்டீபன். 1990 ஆக்லாந்தில் 60 கிலோ பிரிவில் ஸ்னாட்ச் (தரையிலிருந்து ஒரே வீச்சில் தலைக்கு மேல் தூக்குவது) தங்கம், கூடவே இரண்டு வெள்ளி. நவூரு காமன்வெல்த் போட்டிக்குப் போனதே அதுதான் முதல் தடவை. 1994 விக்டோரியாவில் மூன்று தங்கம், 1998 கோலாலம்பூரில் மூன்று தங்கம். உண்மையைச் சொல்லிவிடுகிறேன், அந்தக் காலத்தில் ஸ்னாட்ச், கிளீன் அண்ட் ஜெர்க் (முதலில் தோளுக்கு, பிறகு தலைக்கு மேல்), இரண்டும் சேர்ந்த மொத்தம் என்று தனித்தனியாகப் பதக்கம் கொடுத்தார்கள், இன்றைய முறைப்படி அந்த ஏழு தங்கமும் இரண்டாகச் சுருங்கிவிடும். இருக்கட்டுமே. 1999 உலக சாம்பியன்ஷிப்பில் அவர் வெள்ளியும் வாங்கியிருக்கிறார், அங்கே போட்டிக்கு வருவது காமன்வெல்த் நாடுகள் மட்டும் இல்லை.

அவர் கதையில் என்னை அதிகம் உறுத்துவது 1992 பார்சிலோனா. அப்போது நவூருவுக்கு ஒலிம்பிக் அங்கீகாரமே இல்லை, சொந்தக் கொடியோடு போக வழியில்லை. சமோவா குடியுரிமை வாங்கி சமோவாவுக்காகத் தூக்கினார். 1994இல் அங்கீகாரம் கிடைத்த பிறகு, 1996 அட்லாண்டாவில்தான் நவூரு பெயரில் இறங்க முடிந்தது. அப்புறம் அரசியலுக்கு வந்து 2007 முதல் 2011 வரை நாட்டின் ஜனாதிபதி. விளையாட்டு வீரர்கள் அரசியலுக்கு வருவது நமக்குப் புதிதில்லை, ஆனால் நாட்டுக்கு முதல் காமன்வெல்த் பதக்கம் வாங்கியவரே நாட்டை ஆண்டது நவூரு மாதிரி இடத்தில்தான் நடக்கும்.

இந்த விளையாட்டைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் எனக்கு ஏன் பிடிக்கிறது என்று புரியும். பெயரைக் கூப்பிட்டதும் கடிகாரம் ஒரு நிமிடத்திலிருந்து இறங்கத் தொடங்கும். உள்ளங்கையில் வெள்ளைப் பொடியைத் தேய்த்துக்கொண்டு நான்கு மீட்டர் சதுர மேடையில் ஏறுவார்கள். கம்பியைத் தலைக்கு மேல் கொண்டுபோய், முழங்கை மடங்காமல், கால்கள் ஒரே கோட்டில் வந்து அசையாமல் நிற்க வேண்டும். மூன்று நடுவர்களில் இரண்டு பேர் வெள்ளை விளக்கு போட்டால் முடிந்தது விஷயம். முழங்கை லேசாக மடங்கி நிமிர்ந்தாலும் சிவப்பு. நீங்கள் எந்த நாடு, எத்தனை பேர் வந்திருக்கிறீர்கள் என்பதற்கெல்லாம் அங்கே விளக்கு கிடையாது.

பெண்களும் பின்தங்கவில்லை. 2002 மான்செஸ்டரில் ரியானா சாலமன் தங்கம், 2018 கோல்ட் கோஸ்டில் கரிஸ்மா அமோ-டாரண்ட் வெள்ளி, 2022 பர்மிங்காமில் மாக்ஸிமினா உயேபா வெண்கலம். இதில் கரிஸ்மா பிறகு ஆஸ்திரேலியாவுக்கு மாறிவிட்டார், டோக்கியோ ஒலிம்பிக்கில் அந்த நாட்டுக்காகத்தான் தூக்கினார். அவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் நம்மைப் போன்ற நாட்டிலிருந்து ஒருவர் போனால் இன்னும் நூறு பேர் வரிசையில் நிற்பார்கள், அங்கே ஒருவர் போனால் ஒரு பதக்கமே போச்சு.

ஒலிம்பிக் பதக்கம் மட்டும் இன்னும் இல்லை. பளுதூக்குதலில் பலமான சீனா காமன்வெல்த்தில் இல்லை, பல்கேரியா, துருக்கி, ஈரான் யாரும் இல்லை. அதை மறைத்துப் பெருமை பேச வேண்டியதில்லை. மக்கள்தொகையால் வகுத்துப் போடுகிற அந்தப் பதக்கப் பட்டியல்களும் எனக்குப் பிடிக்காது, ஒரு வெண்கலம் கிடைத்தாலே குட்டி நாடு உச்சியில் போய் உட்கார்ந்துவிடும், அதிலிருந்து ஒன்றும் தெரியாது. அந்த டெல்லி முடிவைப் பாருங்கள், போதும்.

2026 கிளாஸ்கோ காமன்வெல்த் போட்டிக்குச் செலவைக் குறைக்க வெறும் பத்து விளையாட்டுகள் என்று அறிவித்தபோது ஹாக்கி போச்சு, பேட்மிண்டன் போச்சு, மல்யுத்தம் போச்சு என்று இங்கே ஒரே புலம்பல். பளுதூக்குதல் பட்டியலில் இருந்தது. நவூருவுக்கு அது போதும்.