மிகேல் இன்க்ளானின் கண்கள்: பார்வைக் குறிப்புகள்

பிப்ரவரி 3

மெக்சிகோ சினிமாவின் பொற்காலம் என்றதும் மரியா ஃபெலிக்ஸ், பெட்ரோ இன்ஃபான்டே என்று தொடங்கிவிடுவோம். டைட்டிலில் பின்னால் வரும் குணச்சித்திர நடிகர் இன்க்ளானைப் பிடித்துக்கொண்டு போனாலும் அதே காலத்தைச் சுற்றி வரலாம்.

முதலில் ‘மரியா கண்டலேரியா’ (1944). எமிலியோ ஃபெர்னாண்டஸ் இயக்கம், காப்ரியேல் ஃபிகெரோவா ஒளிப்பதிவு, களம் மெக்சிகோ நகரத்தின் சோச்சிமில்கோ கால்வாய்கள். இன்க்ளான் கடைக்கார டான் டமியான். அரசாங்கம் மலேரியாவுக்கு அனுப்பிய கொயினா அவன் கையில். கடன் பாக்கிக்காரி என்று நாயகிக்கு மட்டும் இல்லை என்கிறான். அவள் பன்றிக்குட்டியைச் சுட்டுக் கொல்பவனும் அவன்தான். ஆனால் துப்பாக்கியைவிட அந்த ‘இல்லை’தான் கொடூரம்.

பிப்ரவரி 5

‘நோசோத்ரோஸ் லோஸ் போப்ரெஸ்’ (1948). கஞ்சாவுக்கு அடிமையான டான் பிலார். பணத்தைத் திருடுகிறான். பார்த்த ஒரே சாட்சி, பக்கவாதத்தில் வாயடைத்துக் கிடக்கும் கிழவி. அவளால் காட்டிக்கொடுக்க முடியாது, பார்க்க மட்டும்தான் முடியும். அந்தப் பார்வை தாங்காமல் அடிக்கிறான். அடி வாங்குபவளை விட்டுவிட்டு அடிப்பவன் முகத்தைக் கவனியுங்கள்: பயம் முழுக்க அங்கேதான். போதை நடிப்பு மட்டும் இன்றைக்குக் கொஞ்சம் தூக்கல்.

பிப்ரவரி 6

ஜான் ஃபோர்டின் ‘ஃபோர்ட் அப்பாச்சி’ (1948). அப்பாச்சி பழங்குடித் தலைவர் கொச்சீஸ் வேஷம். பேசுவது ஸ்பானிஷ், படத்தில் அதை மொழிபெயர்ப்பவராக நடிகர் பெட்ரோ அர்மெண்டாரிஸ். முந்தைய ஆண்டு ஃபோர்டு மெக்சிகோவில் எடுத்த ‘தி ஃப்யூஜிடிவ்’ படத்திலும் இன்க்ளான் உண்டு. அதற்கும் ஃபிகெரோவாதான் கேமரா.

பிப்ரவரி 9

லூயிஸ் புனுவெலின் ‘லோஸ் ஓல்விடாடோஸ்’ (1950). பார்வையற்ற தெருப் பாடகர் டான் கார்மெலோ.

குருடர் வேஷத்தில் பலரும் தவறுவது ஒரே இடத்தில்: எதிராளி பேசியதும் கண் அந்தப் பக்கம் ஓடிவிடும். முதலில் காது திரும்ப வேண்டும், பிறகு தலை. கண் எங்கும் நிலைக்கக் கூடாது. கையும் பொருளைத் தடவித்தான் எட்ட வேண்டும், நேரே போய்ப் பிடித்தால் வேஷம் கலைந்துவிடும். பையன்கள் அவரை மடக்கிக் கல்லெறிந்து மேளத்தைக் கிழிக்கும் காட்சியை இதற்காகவே இரண்டாம் முறை ஓட்டிப் பார்க்கலாம். சேற்றில் கிடந்தவர் தலை தூக்குகிறார். எதிரே ஒரு கோழி நின்று அவரையே பார்க்கிறது.

இரக்கம் வந்துவிட்டதா? புனுவெல் அதை நீடிக்க விடுவதில்லை. இதே ஆள்தான் அப்பன் விட்டுப்போன ஓஹீத்தோஸ் என்ற பொடியனை வழிகாட்டியாக வைத்து வேலை வாங்குகிறார், சர்வாதிகாரி போர்ஃபிரியோ தியாஸ் காலத்தை நினைத்து ஏங்குகிறார். அவருடைய தடியின் முனையில் ஆணி.

பிப்ரவரி 12

‘சலோன் மெக்சிகோ’ (1949) வரிசைப்படி இதற்கு முன்னால் வர வேண்டும். கடைசிக்கு வைத்தது வேண்டுமென்றேதான். மீண்டும் ஃபெர்னாண்டஸ், ஃபிகெரோவா. இன்க்ளான் இதில் லூப்பே என்ற போலீஸ்காரர். தங்கையின் படிப்புக்காக டான்ஸ் ஹாலில் பிழைக்கும் மெர்செடஸின் ரகசியம் அவருக்குத் தெரியும். யாரிடமும் சொல்லாமல், கல்யாணம் செய்துகொள்ளலாமா என்று கேட்கிறார்.