வாலிலிருந்து தலைக்கு: காவிரிப் படுகையில் ஒரு நாள்

மதுரைப் பக்கம் வளர்ந்தவனுக்கு எங்கே நின்று திரும்பினாலும் ஒரு மலை தெரிய வேண்டும். யானைமலை, நாகமலை, அழகர்மலை, ஏதோ ஒன்று. அது இல்லாவிட்டால் திசையே பிடிபடாது. காவிரிப் படுகைக்குப் போகும்போதெல்லாம் கோயில் கோபுரங்களை வைத்தே சமாளித்திருக்கிறேன். அதனால் ஒரு நண்பர் கூப்பிட்டு, "ஒரு நாள் சுற்றுலா. கோயில் கிடையாது. ஆறு, வயல், சாப்பாடு, அவ்வளவுதான். கூட வழிகாட்டி வருவார்" என்றபோது, வயலைப் பார்க்க வழிகாட்டி எதற்கு என்றுதான் கேட்கத் தோன்றியது.

வழிகாட்டி யார் என்று தெரிந்ததும் போகலாம் என்று முடிவு செய்தேன். ஓய்வு பெற்ற லஸ்கர். ஆறுகள் பிரியும் தலைப்புகளில் கதவை ஏற்றி இறக்கும் வேலை பார்த்தவர். படுகையில் தண்ணீரைத் தன் கையால் பங்கு வைத்த மனிதர் காட்டும் ஊர் வேறு மாதிரி இருக்கும் அல்லவா?

மார்கழிக் கடைசி. பொழுது விடியாத மன்னார்குடியில் ஒலிபெருக்கியில் திருப்பாவை ஓடிக்கொண்டிருக்க, இட்லியும் கடப்பாவும் சாப்பிட்டுவிட்டுக் கிளம்பினோம். கடப்பாவைச் சாம்பார் வகையில் சேர்க்க முடியாது, குருமாவும் இல்லை. பாசிப்பருப்பையும் உருளைக்கிழங்கையும் மசிய வேகவைத்து, தேங்காய், பொட்டுக்கடலை, கசகசா, சோம்பு, பச்சை மிளகாய் அரைத்து ஊற்றுவார்கள். கடைசியில் எலுமிச்சை பிழிய வேண்டும். தஞ்சாவூர், கும்பகோணம், மன்னார்குடி வட்டாரத்தைத் தாண்டினால் இதைக் கேட்டு வாங்கிச் சாப்பிட ஆள் கிடையாது. எங்களுக்குக் கிடைத்தது கொஞ்சம் நீர்த்திருந்தது. இருந்தாலும் இட்லி ஊறியதும் எல்லாம் சரியாகிவிட்டது.

வேன் தெற்கே முத்துப்பேட்டைக்கு விரைந்தது. வழக்கமாகப் படுகையைப் பார்க்க வருகிறவர்கள் கல்லணையில் தொடங்கிக் கடலில் முடிப்பார்கள். லஸ்கர் ஐயா தலைகீழாகத் திட்டம் போட்டிருந்தார். "தலைப்புல நின்னு பார்த்தா தண்ணி நெறய இருக்குற மாதிரி தெரியும் தம்பி. கடைமடையில நின்னு பார்த்தாதான் கணக்கு புரியும்" என்றார்.

எங்களோடு வந்த ஒரு அக்கா போர்த்துகல் நாட்டின் அசோர்ஸ் தீவுகளுக்குப் போய்விட்டு அப்போதுதான் திரும்பியிருந்தார். சாவோ மிகேல் என்ற எரிமலைத் தீவின் படங்களைக் கைபேசியில் வரிசையாகக் காட்டினார். எரிமலை வாய் இடிந்து உண்டான பள்ளத்தில் அடுத்தடுத்து இரண்டு ஏரிகள், ஒன்று நீலம், மற்றது பச்சை. ஃபுர்னாஸ் என்ற ஊரில் இறைச்சி, முட்டைக்கோஸ், கிழங்கு எல்லாவற்றையும் பெரிய பானையில் அடுக்கி, ஆவி கிளம்பும் தரையில் குழி தோண்டி இறக்கி மூடிவிடுகிறார்களாம். ஐந்தாறு மணி நேரம் கழித்து மண்வெட்டியோடு வந்து எடுத்தால் சமையல் முடிந்திருக்கும். "அங்க ஒவ்வொரு வளைவுலயும் வண்டிய நிறுத்திப் பார்க்க ஏதாவது இருக்கும். இங்க எங்க நிறுத்துறதுன்னே தெரியலையே" என்றார், ஜன்னலுக்கு வெளியே கண்ணுக்கு எட்டிய தூரம் வரை ஒரே மட்டத்தில் கிடந்த சம்பா வயலைப் பார்த்துக்கொண்டு.

"அது கீழேருந்து கிளம்பி வந்த ஊரும்மா. இது மேலேருந்து இறங்கி வந்த ஊரு. நீங்க பார்க்குற மண்ணு அத்தனையும் ஆறு குடகுலேருந்து சுமந்துட்டு வந்தது" என்றார் ஐயா. பவானியும் அமராவதியும் கொண்டுவந்த பங்கையும் சேர்த்துக்கொள்ள வேண்டும், ஆனால் மேற்கு மலைகளின் வண்டல் என்பது உண்மைதான். "எல்லாம் மட்டம்னு நினைக்காதீங்க. நான் அரை அடி, கால் அடி வித்தியாசத்த வெச்சே சம்பளம் வாங்குனவன்."

அன்றைக்கு நான் பார்த்ததெல்லாம் இந்த அரை அடியைத்தான்.

ஜாம்புவானோடையில் படகு ஏறினோம். கோரையாறு இங்கே அகலமாக, அசைவே இல்லாமல் கிடக்கிறது. கரை இரண்டிலும் அலையாத்தி மரங்கள். போகப் போக மரங்கள் விலகி, ஆறு கடலை ஒட்டிய உப்பங்கழியான லகூனில் போய்ச் சேர்கிறது. ஊர்க்காரர்களும் அதை லகூன் என்றே சொல்கிறார்கள். நடுவில் போனாலும் ஆழம் குறைவு. படகுக்கார அண்ணன் இன்ஜினை நிறுத்திவிட்டுக் கழியை ஊன்றியபோதுதான் பறவைச் சத்தம் காதில் விழுந்தது. அதுவரை டீசல் சத்தத்தில் நாரையும் நீர்க்காகமும் எழுந்து பறப்பதைத்தான் பார்த்தோமே தவிர, உட்கார்ந்திருப்பதைப் பார்க்கவில்லை. சுற்றுலாவுக்கு வந்தவர்கள் கொஞ்சம் நேரமானாலும் பரவாயில்லை என்று துடுப்புப் படகு கேட்டால் நன்றாக இருக்கும்.

கரையோரச் சேற்றில் மூச்சுவேர்கள் விரல் நீளத்துக்கு ஆயிரக்கணக்கில் குத்திட்டு நின்றன. சேற்றுக்குள் காற்று இல்லாததால் வேர் மேலே வந்து மூச்சு வாங்குகிறது. அண்ணன் ஒரு இலையைப் பறித்துத் திருப்பிக் கொடுத்து, "நக்கிப் பாருங்க" என்றார். வெயில் பட்டு மினுங்கியது உப்புப் பொடி. உப்புத் தண்ணீரைக் குடித்து, வேண்டாத உப்பை இலை வழியாக வெளியே தள்ளிவிடும் மரம். அன்றைய சாப்பாட்டுப் பட்டியலில் இதையும் சேர்க்க வேண்டும்.

இன்னொரு கரையில் தில்லை மரங்கள். சிதம்பரத்துக்குத் தல மரமான அதே தில்லை. பால் கண்ணில் பட்டால் ஆபத்து, தொடாதீர்கள் என்று அண்ணன் கையைக் காட்டித் தடுத்தார்.

காட்டுக்குள் ஓர் இடத்தில் பெரிய வாய்க்கால் ஒன்றும், அதன் இரு பக்கமும் சாய்வாகப் பிரியும் சின்ன வாய்க்கால்களுமாக இருந்தன. மீன்முள் வாய்க்கால் என்று பெயர். வெள்ளைக்காரர் காலத்தில் இந்தக் காட்டை முறை வைத்து மொட்டையாக வெட்டியிருக்கிறார்கள். மரம் போன இடத்தில் வெயில் நேரே விழுந்து மண் வற்றி, கொஞ்சம் தாழ்ந்துவிட்டது. கடல் ஏற்றத்தில் உள்ளே வந்த தண்ணீர் திரும்பப் போக முடியாமல் அந்தப் பள்ளத்திலேயே தேங்கி, வற்றி, உப்பேறிப்போனது. பிறகு எந்த விதை விழுந்தாலும் முளைக்கவில்லை. பிற்பாடு மீன்முள் போல வாய்க்கால் வெட்டி, தண்ணீர் வந்து போக வழி செய்து, கன்று நட்டார்கள். காடு திரும்ப வந்தது. 2018 நவம்பர் 16 அதிகாலை கஜா புயல் வேதாரண்யம் பக்கம் கரையைக் கடந்தபோது இங்கே நிறைய மரங்கள் பட்டுப்போயின. முத்துப்பேட்டையிலிருந்து பட்டுக்கோட்டை வரை அந்தப் புயல் சாய்த்த தென்னைகளை நினைத்து இன்னமும் பேச்சை நிறுத்திவிடுகிறவர்கள் இருக்கிறார்கள்.

மதியச் சாப்பாடு படகுக்காரர் வீட்டில். அண்ணி திண்ணை ஓரத்தில் உட்கார்ந்து மடவை மீன் கழுவிக்கொண்டிருந்தார். வயிற்றைக் கிழித்ததும் சின்னதாக, உருண்டையாக, கெட்டியான ஒன்றைத் தனியே எடுத்து வைத்தார். கோழிக்கு இருப்பது போலவே மடவைக்கும் மாங்காய் என்கிற கெட்டியான இரைப்பை உண்டு. சேற்றைத் தின்று அரைக்கும் மீன், அதனால் வேண்டியிருக்கிறது. அதைக் கீறி, மண்ணைக் கழுவி, மிளகுத் தூள் போட்டு வறுத்துத் தந்தார். ஆளுக்கு ஒன்றரைத் துண்டு கிடைத்திருக்கும். அசோர்ஸ் அக்கா என் பங்கில் அரைத் துண்டை எடுத்துக்கொண்டார்.

மடவைக் குழம்பில் தேங்காய்ப் பால் இல்லை. புளியும் சின்ன வெங்காயமும் மிளகாயும்தான். கொழுப்புள்ள மீன் என்பதால் குழம்பின் மேல் எண்ணெய் தானாகவே மிதந்தது. கூடவே இறால் தொக்கு. பக்கத்து வீட்டிலிருந்து ஒரு தூக்கில் வாடா வந்தது. அரிசி மாவைத் தட்டி, உள்ளே இறாலும் வெங்காயமும் வைத்து, எண்ணெயில் பொரித்தது. நாகூர், முத்துப்பேட்டைப் பக்கம் மாலை நேரத்துப் பலகாரம். எங்களுக்காக மதியமே சுட்டிருக்கிறார்கள்.

சோறு மாப்பிள்ளைச் சம்பா. பக்கத்துத் திருத்துறைப்பூண்டி வட்டாரத்தில் 2006 முதல், பழைய நெல் ரகங்களைத் தேடிக் காத்த நெல் ஜெயராமன் நெல் திருவிழா நடத்தி வந்தார். இரண்டு கிலோ விதைநெல் வாங்கிப் போகிறவர் அடுத்த ஆண்டு நான்கு கிலோவாகத் திருப்பித் தர வேண்டும், அவ்வளவுதான் கட்டணம். உப்புத் தண்ணீர் ஏறும் நிலத்துக்குக் குழிவெடிச்சான், தண்ணீர் நின்று வடியாத பள்ளத்துக்குக் காட்டுயானம் என்று பழைய ரகங்களில் ஒவ்வொரு மட்டத்துக்கும் ஒரு நெல் இருந்திருக்கிறது.

சாப்பிட்ட கையோடு வடக்கே திரும்பினோம். வழியில் கடைமடை ரெகுலேட்டர் ஒன்றில் ஐயா இறங்கச் சொன்னார். அந்தப் பக்கம் உப்புத் தண்ணீர், இந்தப் பக்கம் ஆற்றுத் தண்ணீர், நடுவில் கதவு. கடல் ஏறி வயலுக்குள் வராமல் இருக்க மூட வேண்டும். மழை வெள்ளம் வடிய வேண்டுமானால் திறக்க வேண்டும். இரண்டும் ஒரே ராத்திரியில் வந்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்டேன். "திட்டு வாங்குவோம்" என்றார்.

மன்னார்குடியில் மறுபடி நிற்கவில்லை. கோயிலின் மதிலழகையும் ஹரித்ரா நதித் தெப்பக்குளத்தையும் ஓடும் வண்டியிலிருந்தே பார்த்தாயிற்று. கோயில் கிடையாது என்று முன்பே சொல்லித்தான் கூட்டி வந்தார்கள், குறை சொல்ல முடியாது.

நீடாமங்கலம் பக்கத்தில் மூணாறு தலைப்பு. இங்கேதான் வெண்ணாறு மூன்றாகப் பிரிகிறது: வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறு. பின்னிரண்டும் போய்ச் சேரும் இடம் காலையில் நாங்கள் படகு ஓட்டிய அதே லகூன். இங்கே தண்ணீர் பழுப்பு நிறத்தில் சுழித்துக்கொண்டு இறங்கியது. ஆகாயத்தாமரை கதவில் மோதி மோதித் திரும்பியது. சுவரில் அடிக்கணக்கு எழுதியிருந்த இடத்தைத் தொட்டுக்காட்டி ஐயா பேசத் தொடங்கினார். அன்று முழுவதும் அவர் குரல் உயர்ந்தது இங்கே மட்டும்தான்.

"இந்தக் கதவ கால் அடி கூட ஏத்துனா, அந்த ஆத்துக்காரன் பயிரு முழுகுதுன்னு வருவான். எறக்குனா இந்த ஆத்துக் கடைமடைக்காரன் ராத்திரி ரெண்டு மணிக்கு டார்ச் லைட்டோட வந்து நிப்பான். அவன் வயல் இங்கேருந்து முப்பது மைலு. ஆனா என் கையி எவ்வளவு சுத்துச்சுன்னு அவனுக்குத் தெரிஞ்சிடும்."

முறைப்பாசனம் வைக்கும் நாட்களில் வீட்டுக்கே போகாமல் தலைப்பிலேயே படுத்திருப்பாராம். ஒரு ஆற்றுக்குத் தண்ணீர் விடும் நாளில் இன்னொரு ஆற்றுக்காரர்கள் அங்கேயே உட்கார்ந்து காவல் காப்பார்கள். அவர்களே சோறும் கொண்டுவருவார்களாம். "கோவம் கதவு மேலதான் தம்பி. சாப்பிட்டியான்னு கேக்காம யாரும் சண்டைக்கு வந்ததில்ல."

அசோர்ஸ் அக்கா அங்கே எடுத்த அளவுக்குப் படம் வேறெங்கும் எடுக்கவில்லை.

நீடாமங்கலத்தில் பால்திரட்டு வாங்கித் தின்றோம். பாலைச் சுண்டக் காய்ச்சித் திரட்டிய இனிப்பு, வாயில் கொஞ்சம் மணல்மணலாகக் கரையும். எனக்கு இனிப்பு கூடுதல், குழந்தைகள் இன்னொரு முறை கேட்பார்கள்.

தஞ்சாவூரை நெருங்க நெருங்க நிலம் லேசாக ஏறுவதை அன்று முதல்முறையாக உணர்ந்தேன். ஊருக்குத் தென்மேற்கே வல்லம் பக்கம் செம்மண் மேடு. காவிரித் தண்ணீர் அந்த மேட்டைத் தொட்டதே கிடையாது, 1934-ல் மேட்டூர் அணையோடு கல்லணைக் கால்வாய் வரும்வரை. பெரிய கோயில் பக்கமாக ஓடும் அதை ஊரில் புதாறு என்கிறார்கள். தொண்ணூறு வருடம் ஆகியும் இன்னும் புதுசுதான்.

கல்லணைக்குப் போய்ச் சேரும்போது வெயில் சாய்ந்திருந்தது. நான்கு பக்கமும் கதவுகள்: காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய், கொள்ளிடம். முக்கொம்பில் பிரியும் காவிரியும் கொள்ளிடமும் நடுவில் திருவரங்கத்தைத் தீவாக விட்டுவிட்டு இங்கே மறுபடி நெருங்கி வருகின்றன. கொள்ளிடத்தின் மட்டம் தாழ்வு. விட்டால் காவிரித் தண்ணீர் முழுவதும் அதில் இறங்கிக் கடலுக்குப் போய்விடும், காலையில் பார்த்த வயல் எதற்கும் சொட்டுத் தண்ணீர் கிடைக்காது. அதைத் தடுக்கத்தான் கரிகாலன் காலத்தில் மணலில் பாறாங்கல்லைப் போட்டு, அது தன் கனத்தில் இறங்க இறங்க மேலே இன்னொன்று போட்டு, இடையில் களிமண் பூசிக் கட்டினார்கள். 329 மீட்டர் நீளம், நேர்கோடாக இல்லாமல் வளைந்து கிடக்கிறது. 1830-களில் ஆர்தர் காட்டன் முக்கொம்பில் மேலணை கட்டியதும் இதே கொள்ளிடத்தின் இழுப்பைக் கட்டுப்படுத்தத்தான். யானை மேல் கரிகாலன் சிலை இருக்கிறது. எல்லோரும் அதன் முன்னால்தான் படம் எடுக்கிறார்கள். ஐயா சிலையைப் பார்க்கவே இல்லை, நேரே போய் வெண்ணாற்றுக் கதவு எத்தனை திறந்திருக்கிறது என்று எண்ணினார்.

போக நினைப்பவர்களுக்கு: வழக்கப்படி மேட்டூரை ஜூன் 12-ல் திறந்து ஜனவரி 28-ல் மூடுவார்கள். அதற்குப் பிறகு வந்தால் ஆற்றில் மணல்தான் இருக்கும். பொங்கலுக்கு முன் வந்தால் சம்பாக் கதிர், ஓடும் தண்ணீர், லகூனில் வலசைப் பறவை மூன்றும் கிடைக்கும். முத்துப்பேட்டைப் படகுக்கு வனத்துறை அனுமதி வேண்டும், முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். கல்லணையில் மீன் வறுத்து விற்கும் கடைகள் வரிசையாக இருக்கின்றன. சூடாகப் போடச் சொல்லி வாங்குங்கள், விலையை முதலிலேயே கேட்டுவிடுங்கள்.