சோலைமந்தியின் வீடு

கேரளத்தின் அமைதிப் பள்ளத்தாக்குக்கு (சைலன்ட் வேலி) போய்வந்து இரண்டு நாள் ஆகிறது. காதில் இன்னும் குந்திப்புழை ஆற்றின் இரைச்சல்தான். பெயர் வைத்தவர் மழைக்காலத்தில் இங்கே வரவில்லை போலும்!

முக்காலி என்ற ஊரில் இருந்து காட்டுக்குள் இருக்கும் சைரந்திரி வரை 23 கிலோமீட்டர், ஜீப்பில் குலுங்கிக்கொண்டே போனோம். முதுகு வலியைப் பற்றி எழுதினால் பதிவு நீண்டுவிடும்.

வழியில் ஓரிடத்தில் வழிகாட்டி வண்டியை நிறுத்தச் சொல்லி, விரலை மேலே நீட்டினார். வெடிப்பலா மரத்தின் உச்சியில் ஒரு சோலைமந்தி, அதாவது சிங்கவால் குரங்கு. கறுப்பு உடல், முகத்தைச் சுற்றி வெள்ளிப் பிடரி. பிடரியைப் பார்த்துத்தான் சிங்கம் என்ற பெயர் வந்தது என்று நினைத்திருந்தேன். இல்லை, நுனியில் குஞ்சம் வைத்த வாலுக்காக. மேற்குத் தொடர்ச்சி மலையைத் தவிர உலகில் வேறெங்கும் இயல்பாக வாழாத குரங்கு இது. பெரும்பாலும் மரத்தின் மேலேயே வாழ்வதால், கிளையோடு கிளை கோத்த முதிர்ந்த காடு இல்லையென்றால் அதற்குச் சாலையே இல்லை என்று பொருள்.

குந்திப்புழையின் குறுக்கே அணை கட்டி மின்சாரம் எடுக்கத் திட்டமிட்டிருந்தார்கள். ஆசிரியர்களும் கவிஞர்களும் அறிவியலாளர்களும் வருடக்கணக்கில் சண்டை போட்டார்கள். 1983இல் திட்டம் கைவிடப்பட்டது, 1984இல் தேசியப் பூங்கா ஆனது. அணை வந்திருந்தால் நான் பார்த்த காட்டின் ஒரு பகுதி இன்று நீருக்கடியில்.

படம் கேட்காதீர்கள். கைபேசியை எடுப்பதற்குள் மந்தி அடுத்த மரத்துக்குத் தாவிவிட்டது. கிடைத்தது ஆடும் கிளை மட்டும்.