ஆதிரை மங்கிய ஆண்டில் தில்லையில்

மார்கழித் திருவாதிரைக்குச் சிதம்பரம் போய்வந்தவர்கள் தேரைப் பற்றிப் பேசுவார்கள், களியைப் பற்றிப் பேசுவார்கள். நட்சத்திரத்தைப் பற்றி அநேகமாக யாரும் பேசுவதில்லை. எந்த நட்சத்திரத்தின் பெயரால் இத்தனை பேர் கூடுகிறோமோ, அது அந்த இரவு முழுக்க நமக்கு மேலேதான் இருக்கிறது.

2020 ஜனவரியில் நான் தில்லைக்குப் போனதற்கு அதுவும் ஒரு காரணம். முந்தைய ஆண்டின் கடைசி மாதங்களிலிருந்தே ஆதிரை மங்கிக்கொண்டு வந்தது. வானியலாளர்கள் பெட்டல்கியூஸ் என்று அழைக்கும் அந்தச் சிவப்பு நட்சத்திரம் வெடிக்கப்போகிறதோ என்றுகூடப் பேச்சு எழுந்தது. ஆதிரையான் என்றே அப்பர் அழைத்த பெருமானின் நட்சத்திரம் அது. அதற்கு என்னவோ ஆகிறது என்றால், அவன் வாசலில் நின்று அதைப் பார்க்க வேண்டும்போல் இருந்தது.

ஜனவரி 9 அன்று தேர். மற்ற ஊர்களில் உற்சவர்தான் வீதிக்கு வருவார். இங்கே ஆனியிலும் மார்கழியிலும் கருவறையான சிற்சபையில் இருக்கும் நடராசரே இறங்கி வந்து தேரேறுகிறார். விநாயகர், முருகன், நடராசர், சிவகாமி, சண்டிகேசுவரர் என்று ஐந்து தேர்கள். வடத்தில் கை வைத்தபோது சேந்தனார்தான் மனதில் வந்தார். விறகு விற்றுப் பிழைத்தவர், மழை நாளில் அடியாராக வந்த ஈசனுக்கு வீட்டில் இருந்த களியைப் படைத்தவர். ஓடாமல் நின்றுபோன தேர் அவர் பல்லாண்டு பாடிய பிறகுதான் நகர்ந்தது என்பார்கள். கூட்டத்தின் நடுவில் நின்று இழுக்கும்போது அந்தக் கதையை நம்புவது ரொம்ப எளிது.

இரவு 11 மணி வாக்கில் கீழவீதியில் நின்று அண்ணாந்து பார்த்தேன். சிதம்பரம் இருக்கும் அட்சரேகையில் ஆதிரை கிட்டத்தட்ட உச்சந்தலைக்கு மேலேயே கடந்து போகிறது. மார்கழியில் சூரியன் தனுசில் இருப்பதால், முழுநிலா அதற்கு நேர் எதிரே மிதுனத்தில், ஆதிரையை ஒட்டி வரும். நிறைமதியோடு கூடிய ஆதிரை நாளில் அந்தணர் விழாத் தொடங்குவதைப் பரிபாடல் சொல்கிறது. அத்தனை பழைய சேர்க்கை இது. அன்றும் நிலா உச்சிக்குச் சற்று வடக்கே, ஆதிரை சற்றுத் தெற்கே. மேற்கில் ரோகிணி. எப்போதும் ரோகிணியைவிடப் பளிச்சென்று இருக்கும் ஆதிரை, அன்று அதைவிட மங்கித் தெரிந்தது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த பாட்டி, "அங்க என்ன தம்பி பாக்குறே?" என்றார். காட்டினேன். "அதுதான் ஆதிரையா?" என்று கேட்டுவிட்டு, அதைப் பார்த்தே கும்பிட்டார்.

விடியலுக்கு முன் ஆயிரங்கால் மண்டபத்தில், ராஜசபையில், மகாபிஷேகம். நடராசருக்கு ஆண்டுக்கு 6 அபிஷேகம்தான்; அதில் இது ஒன்று. தீட்சிதர்கள் குடம் குடமாகப் பால் ஊற்ற, தயிர், தேன், பஞ்சாமிர்தம் என்று தொடர்ந்தது. அப்புறம் விபூதி. தட்டிலிருந்து கொட்டியதும் முதலில் வெறும் வெண்புகை; சாமி தெரியவில்லை. தூள் படியப் படிய, தூக்கிய திருவடி, பிறகு தோள், பிறகு அந்தச் சிரிப்பு. "பவளம்போல் மேனியில் பால்வெண்ணீறும்" என்று அப்பர் பாடியது இந்தச் சந்நிதியில்தான். தெரிந்த வரிதான். ஆனால் அன்றுதான் அதை முழுசாகக் கண்டேன்.

அடுத்த ஆண்டு, ஆதிரை ஏன் மங்கியது என்று வானியலாளர்கள் விளக்கியபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. அந்த நட்சத்திரம் தன் மேற்பரப்பிலிருந்து வாயுவை வீசியிருக்கிறது. அது குளிர்ந்து தூசியாகி, நாம் பார்க்கும் பக்கத்தை மறைத்திருக்கிறது. சிவந்த மேனி தன்னிலிருந்தே எழுந்த தூளைத் தானே பூசிக்கொண்டு நின்றிருக்கிறது. வானியலுக்கு அது தூசிதான். எனக்கு அதைத் திருநீறு என்று சொல்லத்தான் வாய் வருகிறது.

அது சின்ன மேனியும் இல்லை. சூரியன் இருக்கும் இடத்தில் ஆதிரையை வைத்தால் பூமியைத் தாண்டிச் செவ்வாயின் பாதையையும் விழுங்கிவிடும். சூரியனைவிடக் குளிர்ந்தது, அதனால்தான் சிவப்பு. விரிந்து சுருங்கி விரிந்துகொண்டே இருக்கிறது. சுமார் 400 நாளுக்கு ஒரு சுற்று. ஒருநாள் வெடிக்கத்தான் போகிறது, ஆனால் அதற்கு ஒரு லட்சம் ஆண்டுகள்கூட ஆகலாம் என்கிறார்கள்.

தூரம்தான் என்னை அதிகம் யோசிக்க வைத்தது. சுமார் 550 முதல் 700 ஒளியாண்டு. அப்படியானால் நாங்கள் அன்று பார்த்த மங்கல், சோழர் ஆட்சி முடிந்த பிறகு எப்போதோ அங்கே நடந்தது. ஏழாம் நூற்றாண்டில் அப்பர் பார்த்த ஆதிரையின் ஒளி, சங்க காலத்தில் புறப்பட்டிருக்கும். பிறவா யாக்கைப் பெரியோன் என்று சிலம்பு சொல்லும் இறைவனுக்குப் பிறந்த நட்சத்திரம் ஏது? ஆனாலும் ஆதிரையை அவனுக்கென்று கொடுத்தவர்கள் நன்றாகத்தான் கொடுத்திருக்கிறார்கள்.

பிற்பகலில் தரிசனம். ராஜசபையிலிருந்து சிற்சபைக்குத் திரும்பும்போது நடராசரும் அம்மையும் முன்னே வந்து, பின்னே போய், ஆடிக்கொண்டேதான் போகிறார்கள். ஒவ்வொரு அசைவுக்கும் கூட்டம் முழுவதும் சேர்ந்து முன்னே சாய்ந்தது. எனக்குக் கண்ணீர் நிற்கவில்லை. சில மாதங்களில் ஆதிரையும் பழைய ஒளிக்குத் திரும்பிவிட்டது.

மார்கழித் தேருக்குப் போகிறவர்கள், இருட்டியதும் கிழக்கு வானத்தில் ஒரே வரிசையில் நிற்கும் மூன்று நட்சத்திரங்களைத் தேடுங்கள். அவற்றுக்கு இடப்பக்கம் சிவப்பாக இருப்பதுதான் ஆதிரை. நிலா வெளிச்சத்திலும் தெரியும்.