டிசேபோலோ என்ற நடிகர்
என்ரிக்கே சான்டோஸ் டிசேபோலோ என்றால் எல்லாரும் அவருடைய டாங்கோ (அர்ஜென்டினாவின் நடன இசை) பாட்டுகளைத்தான் சொல்வார்கள், எனக்கு அவர் நடிப்பு அதைவிட ஒருபடி மேல். 1901-ல் புவெனஸ் ஐரிஸில் பிறந்து, சின்ன வயதிலேயே பெற்றோரை இழந்து, நாடகாசிரியரான அண்ணன் அர்மாண்டோவிடம் வளர்ந்தவர். மேடையில் ஆரம்பித்து அப்புறம் திரைக்கதை, இயக்கம் என்று எதையும் விடவில்லை. 1951-ல் வந்த 'எல் இன்ச்சா' படத்தைப் பாருங்கள். திரைக்கதையில் அவர் பங்கு உண்டு, கால்பந்துப் பைத்தியமாக நடித்ததும் அவரே. ஒல்லி உடம்பு, நீள மூக்கு. ஞாயிற்றுக்கிழமை மைதானத்துக்குப் போக முடியாவிட்டால் மனுஷன் எதற்கு உழைப்பது என்று அவர் கொதிக்கிற இடத்தில் அது நடிப்பு என்றே தோன்றாது! அதே வருடம் வானொலியில் அப்போதைய அர்ஜென்டினா அதிபர் பெரோனை ஆதரித்துப் பேசினார் என்று நண்பர்களே முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். டிசம்பரில் ஆள் போய்விட்டார், வயது 50தான். அநியாயம்.